கம்பம் காலியானபோது எது கூட வந்தது?

சிங்கப்பூரில் கிராமத்தைக் கம்பம் என்போம். எங்களை அடுக்குமாடிக்கு மாற்றுவதற்கு முன், கம்பத்து வீட்டை அளக்க அதிகாரி ஒருவர் வந்தபோது எனக்குப் பதினாறு வயது. நீ சூனுக்கும் செம்பவாங்குக்கும் இடையில், பழைய ரப்பர்க் காட்டை ஒட்டி இருந்த வீடு. தரை எத்தனை சதுர அடி, சிமெண்டா மண்ணா, கூரை அத்தாப்பு ஓலையா தகரமா என்று ஒவ்வொன்றாகக் கேட்டு எழுதிக்கொண்டார். அப்புறம் கொல்லைக்குப் போய் மரங்களை எண்ணினார். மா இரண்டு, ரம்புத்தான் மூன்று, தென்னை நான்கு. காய்க்கிற மரத்துக்கு ஒரு தொகை, கன்றுக்கு ஒரு தொகை. கோழிக்கூண்டுக்கும் கணக்கு இருந்தது.

பாட்டி அவரைக் கொல்லையின் கடைசிக்கு அழைத்துப் போனார். அங்கே ஓர் அரசமரம். அதனடியில் மஞ்சள் துணி சுற்றிய கல், பக்கத்தில் ஒரு சூலம். பொழுது சாயும்போது பாட்டி தினமும் விளக்கேற்றும் முனீஸ்வரன். "இதை எழுதலையா?" என்று மலாயில் கேட்டார். அதிகாரி செருப்பைக் கழற்றிவிட்டு ஒரு நிமிடம் நின்றார். பிறகு கையிலிருந்த தாள்களைப் புரட்டிப் பார்த்தார். அதை எழுத அவரிடம் இடம் இல்லை.

போன மாதம் காஞ்சிபுரம் மாவட்டத்திலிருந்து ஒன்றுவிட்ட தம்பி ஒருவன் கூப்பிட்டான். 2022இல் பரந்தூர் விமான நிலையத் திட்டம் அறிவிக்கப்பட்டதிலிருந்து ஏகனாபுரம் மக்கள் நிலத்தைத் தர மாட்டோம் என்று போராடி வருகிறார்கள். இவனும் அந்தப் பக்கத்து ஊர்க்காரன்தான். "அக்கா, உங்க ஊர்ல கிராமத்தையெல்லாம் மொத்தமா காலி பண்ணிட்டாங்களே, யாரும் சண்டை போடலையா? எப்படி ஒத்துக்கிட்டீங்க?" என்று கேட்டான். தொலைபேசியில் அரைகுறையாகத்தான் சொல்ல முடிந்தது. இங்கே பிறந்து வளர்ந்த என் பிள்ளைகளுக்கும் இந்தக் கதை சரியாகத் தெரியாது. அதனால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

வீடு நம்முடையது, தரை இல்லை

முதலில் நிலத்தைப் பற்றிப் பேச வேண்டும். தம்பியின் ஊரில் பட்டா இருக்கிறது. நெல் விளைகிற வயல் இருக்கிறது, பாட்டன் பூட்டன் பெயரில் பத்திரம் இருக்கிறது. சிங்கப்பூர்க் கம்பங்களில் இருந்தவர்களில் பெரும்பாலோருக்கு அப்படி ஒன்றும் கிடையாது. நிலத்துக்காரருக்கு மாதம் சில வெள்ளி (சிங்கப்பூர் டாலர்) தரை வாடகை கொடுத்துவிட்டு, அதன்மேல் தாங்களே பலகையும் தகரமும் வாங்கிக் கட்டிக்கொண்ட வீடுகளில் இருந்தார்கள். யாருடைய நிலம் என்றே கேட்காமல் குடியேறியவர்களும் நிறைய. நிலத்துக்காரர் நிலத்தை அரசுக்குக் கொடுத்தாலும், வேறு யாருக்கு விற்றாலும், குடியிருந்தவர் கிளம்பத்தான் வேண்டும்.

அரசின் அடுக்குமாடி வீடுகளைக் கட்டும் வீடமைப்பு வளர்ச்சிக் கழகம், நாம் வீவக என்று சொல்வது, 1960 பிப்ரவரியில் தொடங்கியது. அப்போது பொது வீடமைப்பில் இருந்தவர்கள் மக்கள்தொகையில் 9 சதவீதம்தான். அதற்கு முன்பிருந்த சிங்கப்பூர் மேம்பாட்டு அறநிதி 32 ஆண்டுகளில் ஏறக்குறைய 23,000 வீடுகள் கட்டியிருந்தது. வீவக முதல் ஐந்தாண்டுகளில் 54,000க்கும் மேல் கட்டியது. அந்த வேகத்துக்கு ஒரு பெரிய காரணம் 1961 மே 25இல் புக்கிட் ஹோ சுவீ கம்பத்தில் பற்றிய தீ. ஏறத்தாழ 16,000 பேர் ஒரே நாளில் வீடு இழந்தார்கள். எரிந்த இடத்திலேயே ஓராண்டுக்குள் அடுக்குமாடிகள் எழத் தொடங்கின. அத்தாப்புக் கூரையில் இருந்த எல்லாருக்கும் அந்தத் தீ ஒரு பயத்தைக் கொடுத்தது. அப்பா அந்தச் சம்பவத்தைப் பற்றிப் பல ஆண்டுகள் கழித்தும் குரலைத் தாழ்த்தித்தான் பேசுவார்.

பிறகு சட்டம் வந்தது. 1966இல் நிறைவேறிய நிலக் கையகப்படுத்தல் சட்டப்படி, பொதுக் காரியத்துக்கு நிலம் வேண்டும் என்று அரசிதழில் அறிவித்துவிட்டால், நிலத்துக்காரர் பெரும்பாலும் தொகையைப் பற்றித்தான் முறையிட முடியும். 1973இல் அந்தத் தொகைக்கும் ஓர் உச்சவரம்பு வந்தது: அந்த ஆண்டு நவம்பர் 30ஆம் தேதி விலைக்கு மேல் நிலத்துக்குக் கிடைக்காது. அந்தத் தேதி பிறகு சில முறை தள்ளி வைக்கப்பட்டது. முழுச் சந்தை விலை கொடுக்கும் விதி 2007இல்தான் வந்தது. 1985க்குள் தீவின் நிலத்தில் 76 சதவீதம் அரசிடம் வந்து சேர்ந்திருந்தது.

அப்படியானால் யாரும் சண்டை போடவில்லையா? போட்டார்கள். அறுபதுகளின் தொடக்கத்தில் தோ பாயோவில் இருந்த விவசாயிகளும் குடியிருப்பாளர்களும் நகர மறுத்தார்கள். கிராமப்புற மக்களின் சங்கங்கள் அவர்களுக்குத் துணை நின்றன. 1963இல் அந்தச் சங்கங்கள் கலைக்கப்பட்டன. அதற்குப் பிறகு, எதிர்த்து நிற்பதற்கு அமைப்பும் இல்லை, பத்திரமும் இல்லை. எங்கள் முறை வந்தபோது இருபது ஆண்டு முன்னுதாரணம் இருந்தது. மாற்று வீடு தயாராகவும் இருந்தது. 1968 முதல், சம்பளத்தில் பிடிக்கும் கட்டாயச் சேமிப்பான மத்திய சேமநிதியிலிருந்தே வீட்டுக்குப் பணம் கட்டலாம் என்று ஆனதால், மாதச் சம்பளம் வாங்கும் ஒருவர் கையிலிருந்து அதிகம் எடுக்காமலே சொந்த வீட்டுக்காரர் ஆக முடிந்தது. தரை வாடகை கொடுத்துக்கொண்டிருந்த என் அப்பாவுக்கு 99 ஆண்டுக் குத்தகை என்பது சின்ன விஷயமாகத் தெரியவில்லை. அவர் பெயர் ஒரு வீட்டின் பத்திரத்தில் வந்தது அதுதான் முதல் தடவை.

நாமும் ஒரு திட்டத்தோடு வந்தவர்கள்தான்

"பாரம்பரியக் கிராமத்தை நவீன வளர்ச்சி அழித்துவிட்டது" என்று பலர் கம்பங்களைப் பற்றி எழுதுகிறார்கள். எனக்கு அதில் முழுச் சம்மதம் கிடையாது. எங்கள் கம்பத்தின் வயது எவ்வளவு? பாட்டி சொல்லும் கணக்குப்படி ஐம்பது ஆண்டுகூட இருக்காது.

அந்த வட்டாரமே வேறொரு பழைய திட்டத்தின் பிள்ளை. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அங்கே ரப்பரும் அன்னாசியும் வந்தன. லிம் நீ சூன் என்ற வணிகர் அதில் பெரிய ஆள். அவர் பெயரில்தான் நீ சூன் கிராமம். அந்தப் பெயரே பிறகு மாண்டரின் உச்சரிப்பில் ஈசூன் ஆகி, புதுநகரத்துக்கு வைக்கப்பட்டது. ரப்பர் மரத்தில் பால் எடுக்கத் தமிழர்கள் வந்தார்கள். 1923இல் பிரிட்டிஷார் செம்பவாங் கரையில் கடற்படைத் தளம் கட்ட முடிவெடுத்தார்கள். 1938இல் அது திறக்கப்பட்டது. தமிழர்களும் மலையாளிகளும் ஆயிரக்கணக்கில் அங்கே வேலைக்குச் சேர்ந்தார்கள். தளத்துக்குள் குடியிருப்புகள், வெளியே கம்பங்கள், கடைகள், ஒட்டுக்கடைகள். தென்கிழக்கே சிலேத்தார் விமானத் தளத்தை ஒட்டிய ஜாலான் காயுவிலும் இதே கதைதான்.

அந்த நீர்ப்பரப்பில் அதற்கு முன் வாழ்ந்தவர்கள் ஓராங் சிலேத்தார் மக்கள். படகிலேயே குடித்தனம் நடத்தி, சதுப்புநில ஆறுகளில் மீனும் நண்டும் பிடித்தவர்கள். கரை மாறியபோது அவர்கள் நீரிணைக்கு அப்பால் ஒதுங்கிப் போனார்கள். இன்று அவர்களுடைய குடியிருப்புகள் மலேசியாவின் ஜொகூர் பக்கம்தான் இருக்கின்றன. அவர்களுடைய மரங்களை யாரும் எண்ணி எழுதவில்லை.

இதை நான் குற்ற உணர்ச்சிக்காகச் சொல்லவில்லை. எங்கள் பாட்டி புதுக்கோட்டைப் பக்கத்து ஊரை விட்டுக் கப்பலேறியவர். அந்த முனீஸ்வரன் கல்லை நட்டதே அவரும் பக்கத்து வீட்டுத் தாத்தாவும்தான். சாமி ஊரிலிருந்து வந்தது, மரம் இங்கேயே கிடைத்தது. ஒருமுறை எல்லாவற்றையும் விட்டு வந்து, வந்த இடத்தில் மறுபடி உண்டாக்கத் தெரிந்தவர்கள் அவர்கள். "போகத்தான் வேணும்னா போவோம்" என்று பாட்டி சொன்னதற்குப் பின்னால் அந்த அனுபவம் இருந்தது என்று நினைக்கிறேன். ஏழு தலைமுறையாக ஒரே ஏரிப் பாசனத்தில் இருக்கும் ஏகனாபுரத்துக்காரரிடம் அதே சொல்லை எதிர்பார்ப்பது நியாயமில்லை.

குழாயைத் திறந்தால் தண்ணீர்

அம்மாவிடம் இந்தக் கதையைக் கேட்டால் வேறு மாதிரி இருக்கும். பாட்டி அழுதார். அம்மா அழவில்லை.

கம்பத்தில் எங்கள் ஏழெட்டு வீடுகளுக்கு ஒரே பொதுக்குழாய். விடியுமுன் வரிசையில் நிற்க வேண்டும். கழிப்பறை என்பது தூரத்தில் ஒரு பலகை அறை, உள்ளே வாளி. அந்த வாளிகளை எடுத்துப் போகும் முறை சிங்கப்பூரில் 1987 ஜனவரியில்தான் முழுமையாக நின்றது. மழைக்காலம் இன்னும் மோசம். 1978 டிசம்பர் முதல் வாரத்தில் ஒரே நாளில் 512 மில்லிமீட்டர் மழை பெய்தது. கட்டிலின் மேல் நாற்காலி, நாற்காலியின் மேல் அரிசிச் சாக்கு என்று அடுக்கி வைத்துவிட்டு இரவு முழுவதும் நின்றுகொண்டிருந்தோம். பொத்தோங் பாசிர் போன்ற தாழ்வான இடங்களில் இருந்தவர்கள் பட்டது அதைவிட அதிகம்.

கம்பத்தை விட்டு மாறிய ஈசூன் அடுக்குமாடி வீட்டில் அம்மா முதல் நாள் செய்தது சமையலறைக் குழாயைத் திறந்துவிட்டுப் பார்த்துக்கொண்டு நின்றதுதான். தண்ணீருக்காகவும் விறகுக்காகவும் போன மணிநேரங்கள் அவருக்குத் திரும்பக் கிடைத்தன. அடுத்த ஆண்டே மின்னணுத் தொழிற்சாலை ஒன்றில் சேர்ந்தார். அவர் பெயரில் சம்பளம், அவர் பெயரில் சேமநிதிக் கணக்கு. "கம்பத்துல எல்லாரும் ஒருத்தருக்கொருத்தர் உதவியா இருந்தோம்" என்று அப்பாவின் நண்பர்கள் பழங்கதை பேசும்போது, அம்மா மெதுவாக எழுந்து உள்ளே போய்விடுவார். அந்த உதவியில் பெரும்பகுதி பெண்களின் உழைப்பு. கல்யாணம் என்றால் மூன்று நாள் சேர்ந்து சமைத்தவர்கள், பிரசவம் என்றால் பத்தியம் வைத்தவர்கள், பக்கத்து வீட்டுக் குழந்தையையும் சேர்த்துக் குளிப்பாட்டியவர்கள் எல்லாம் அவர்கள்தான். கம்பத்து உணர்வு என்று இப்போது எல்லாரும் ஆசையாகச் சொல்வதை அம்மா போன்றவர்களிடம் கேட்டுவிட்டுத்தான் எழுத வேண்டும்.

அதனால் தம்பியிடம் நான் சொன்ன முதல் விஷயம் இது: ஊரில் கூட்டம் போடும்போது பெண்களைத் தனியாகக் கேளுங்கள். அவர்கள் வேண்டும் என்பதும் வேண்டாம் என்பதும் ஆண்கள் மேடையில் பேசுவதோடு ஒத்துப்போகாமல் இருக்கலாம்.

மரம் பெயரில் இருக்கிறது

கோயில்களின் கதையைப் பார்த்தால், எது பிழைத்தது, எது பிழைக்கவில்லை என்பது தெளிவாகப் புரியும்.

சிங்கப்பூரின் தமிழ்க் கோயில்களில் பல, வேலையிடத்தை ஒட்டிப் பிறந்தவை. அலெக்சாண்ட்ரா செங்கல் ஆலை வளாகத்தில் தொழிலாளர்கள் வழிபட்ட காளியம்மன்தான் இப்போது டெப்போ சாலையில் இருக்கும் ஸ்ரீ ருத்ர காளியம்மன். குவீன்ஸ்டவுனில் ரயில்வே தொழிலாளர்கள் 1930களில் தண்டவாளத்துக்குப் பக்கத்தில் வைத்த முனீஸ்வரன் இப்போது காமன்வெல்த் டிரைவில் பெரிய கோயில். ஆர்ச்சர்ட் சாலையில் டோபி காட் அருகே இருந்த ஸ்ரீ சிவன் கோயில் எம்ஆர்டி ரயில் பாதைக்காக 1983இல் இடம் கொடுத்துவிட்டு, சிராங்கூன் சாலையில் தற்காலிகமாக இருந்து, 1993இல் கேலாங் ஈஸ்டில் குடமுழுக்குக் கண்டது. எங்கள் வட்டாரத்தில், செம்பவாங் கேன்பரா சாலையில் ஒரு மரத்தடியில் 1960களில் தொடங்கிய முருகன் வழிபாடு, தொண்ணூறுகளில் ஈசூன் தொழிற்பேட்டைக்குப் போனது. அதன் பெயர் புனிதமரம் ஸ்ரீ பாலசுப்பிரமணியர் ஆலயம். மரம் இருந்த இடம் வேறு, கோயில் இருக்கும் இடம் வேறு. பெயர் மட்டும் மரத்தை விடவில்லை.

இவையெல்லாம் பிழைத்தன. காரணம் பக்தி மட்டும் என்று சொல்ல மாட்டேன். பக்தி எங்கள் பாட்டியிடமும் குறைவில்லை. இந்தக் கோயில்களுக்கு நிர்வாகக் குழு இருந்தது, பதிவு இருந்தது, வரவு செலவுக் கணக்கு இருந்தது. அரசுக்குக் கடிதம் எழுத, மாற்று நிலம் கேட்க, நன்கொடை திரட்டத் தெரிந்தவர்கள் இருந்தார்கள். புதுக் குடியிருப்புப் பேட்டைகளில் வழிபாட்டுக்கென்று ஒதுக்கும் மனைகள் 30 ஆண்டுக் குத்தகைக்குத்தான் வருகின்றன. அதற்கு ஒப்பந்தப்புள்ளி போட வேண்டும், பணம் கட்ட வேண்டும். சின்னக் கோயில்கள் சில ஒன்றாகச் சேர்ந்து ஒரே கூரையின் கீழ் வந்ததும் இதனால்தான். வெவ்வேறு மரத்தடியில் தனித்தனியாக இருந்த சாமிகள் ஒரே மண்டபத்தில் பக்கத்துப் பக்கத்துச் சன்னிதியாக ஆனார்கள். அண்ணன் தம்பி சண்டை போல ஆரம்பத்தில் கொஞ்சம் உரசல் இருந்தாலும், இன்று எந்தச் சன்னிதி எந்தக் கம்பத்திலிருந்து வந்தது என்று கேட்டால் இளைஞர்களுக்குத் தெரியாது.

ஆனால் ஒரு குடும்பமோ நாலைந்து வீடுகளோ வைத்திருந்த கல்லும் சூலமும் எத்தனை போயின என்பதற்குக் கணக்கே இல்லை. எங்கள் முனீஸ்வரனை அப்பா ஒரு வெள்ளிக்கிழமை பூசை போட்டு, கல்லைத் துணியில் சுற்றி, தெரிந்த கோயில் ஒன்றில் கொண்டுபோய் வைத்தார். சூலம் வீட்டுச் சாமி அலமாரியில் இன்றும் இருக்கிறது. பாட்டி அதன்பிறகு வெள்ளிக்கிழமை தோறும் பேருந்தில் அந்தக் கோயிலுக்குப் போவார். தினமும் பொழுது சாயும்போது நடந்தது, வாரம் ஒருமுறை ஆனது. முழங்கால் வலி வந்தபிறகு மாதம் ஒருமுறை. பிறகு பங்குனி உத்திரம், சித்ரா பௌர்ணமி என்று நாள் குறித்த போக்குவரத்து.

இதைத்தான் நான் இந்த மாற்றத்தின் நடுப்புள்ளியாகப் பார்க்கிறேன். வழிபாடோ பழக்கமோ அழிந்துபோகவில்லை. அன்றாடத்திலிருந்து நகர்ந்து நாட்காட்டிக்குப் போய்விட்டது. பொங்கலையே எடுத்துக்கொள்ளுங்கள். கம்பத்தில் மாடு வைத்திருந்த வீட்டில் மாட்டுப் பொங்கல் நடந்தது, பக்கத்து வீட்டுப் பிள்ளைகள் எல்லாம் அங்கே போய் நின்றோம். இப்போது லிட்டில் இந்தியாவில் பொங்கல் நேரத்தில் மாடுகளைக் கொண்டுவந்து காட்டுகிறார்கள். என் பேத்தி போன முறை வரிசையில் நின்று பார்த்தாள், சந்தோஷமாகத்தான் இருந்தாள். விழா முன்பைவிடப் பெரிதாகிவிட்டது. மாட்டின் சாணி வாசனை தெரிந்த பிள்ளைகள்தான் இல்லை.

எந்த வீட்டுக்குப் பக்கத்தில் எந்த வீடு

எது தேவைப்பட்டது அன்றாடத்துக்கு? பக்கத்தில் இருப்பது. இவ்வளவுதான். ஆனால் அதுதான் கைமாறாமல் போனது.

கம்பத்தில் எங்களுக்கு இந்தப் பக்கம் மலையாளக் குடும்பம், அந்தப் பக்கம் ஒரு மலாய்க்காரர் வீடு, எதிரில் தமிழ் வீடுகள் நான்கு, பின்னால் கோழி வளர்த்த சீனக் குடும்பம். மறு குடியமர்வில் எந்த புளோக் (அடுக்குமாடிக் கட்டடம்), எந்த மாடி என்பது குலுக்கலில் வந்தது. எங்களுக்கு ஈசூனில் நான்காம் மாடி. எதிர்வீட்டுக்காரர்களில் ஒருவர் அங் மோ கியோ, ஒருவர் உட்லண்ட்ஸ், ஒருவர் மகனோடு ஜூரோங். யாரும் வேண்டுமென்று பிரிக்கவில்லை. ஒவ்வொரு குடும்பமும் தனித்தனிக் கோப்பு, அவ்வளவுதான். மின்தூக்கி அந்தக் காலத்து புளோக்குகளில் எல்லா மாடியிலும் நிற்காது. எங்களுக்கு ஐந்தாம் மாடியில் இறங்கி ஒரு மாடி படி இறங்க வேண்டும். பாட்டி கீழே போவதைக் குறைத்துக்கொண்டார். கீழே போனாலும் திண்ணை இல்லை. வாசலில் கோலம் போட்டார். நடைபாதையில் அது பாதியாகத்தான் விழும், எதிர்ப்புறம் எல்லாரும் நடக்கும் வழி. பக்கத்து வீட்டுச் சீன அம்மா கோலத்தை மிதிக்காமல் ஓரமாகச் சுற்றிப் போவார். அந்த மரியாதையைப் பாட்டி கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்தார். ஆனால் அவர்கள் இருவருக்கும் பேசிக்கொள்ளப் பொது மொழி என்று இருந்தது பத்திருபது மலாய்ச் சொற்கள்தான்.

ஆச்சரியம் என்னவென்றால், மக்கள் தாங்களாகவே மறுபடி சேர முயன்றார்கள். கடற்படைத் தளம், செம்பவாங், நீ சூன் பக்கத்துத் தமிழர்களும் மலையாளிகளும் ஈசூனைத் தேடி வந்து வீடு வாங்கினார்கள். கப்பல் பட்டறை வேலை பக்கத்தில், உறவு பக்கத்தில், முருகன் பக்கத்தில். எண்பதுகளின் கடைசியில் ஈசூனில் இந்தியர்கள் அதிகம் சேர்கிறார்கள், பிடோக்கிலும் தெம்பனிஸிலும் மலாய்க்காரர்கள், ஹவ்காங்கில் சீனர்கள் என்று அரசே சுட்டிக்காட்டியது. 1989இல் அப்போதைய தேசிய வளர்ச்சி அமைச்சர் எஸ். தனபாலன் காலத்தில் இன ஒருங்கிணைப்புக் கொள்கை வந்தது. ஒரு புளோக்கில் இந்தியரும் பிற இனத்தவரும் 13 சதவீதம், ஒரு வட்டாரத்தில் 10 சதவீதம் என்பது அன்றைய வரம்பு. 2010இல் அது 15, 12 என்று உயர்ந்தது.

இந்தக் கொள்கையை நான் எதிர்க்கவில்லை. 1964 இனக் கலவரங்களை அப்பா நேரில் பார்த்தவர். தனித்தனிச் சேரியாக இருந்தால் என்ன ஆகும் என்று இந்த நாட்டுக்குப் பாடம் கிடைத்திருக்கிறது. என் பிள்ளைகளின் நெருங்கிய நண்பர்கள் மூன்று இனத்திலும் இருக்கிறார்கள், அது பெரிய கொடை. ஆனால் அதற்கு ஒரு விலையும் இருக்கிறது, அதையும் நேராகச் சொல்ல வேண்டும். நூறு வீடு உள்ள புளோக்கில் பதின்மூன்று வீடு என்றால், அதில் தமிழர், மலையாளி, பஞ்சாபி, யுரேஷியர் எல்லாரும் அடக்கம். உங்கள் குழந்தை கீழே விளையாடப் போனால் தமிழ் பேசும் இன்னொரு குழந்தை இருக்கும் என்பதற்கு உறுதியில்லை.

கம்பத்தில் எனக்கு யாரும் தமிழ் சொல்லிக்கொடுக்கவில்லை. கடைக்காரர், எதிர்வீட்டு அத்தை, குழாயடிச் சண்டை, ஒப்பாரி, கோயில் உண்டியல் கணக்கு என்று எல்லாப் பக்கத்திலிருந்தும் அது காதில் விழுந்தது. அடுக்குமாடியில் அந்த முழுச் சுமையும் அப்பா அம்மா இருவர் தலையில் விழுந்தது. பள்ளிக்கூடங்களும் அதே நேரத்தில் மாறின. தோட்டங்களிலும் கம்பங்களிலும் இருந்த தமிழ்ப் பள்ளிகள் ஒவ்வொன்றாக மூடப்பட்டு, கடைசியாக இருந்த உமறுப்புலவர் தமிழ் உயர்நிலைப் பள்ளி 1982இல் மூடியது. 1987க்குள் எல்லாப் பள்ளிகளிலும் ஆங்கிலமே முதன்மை மொழி. ஐந்து வயதுக்கு மேற்பட்ட சிங்கப்பூர்வாசிகளில் வீட்டில் அதிகமாகத் தமிழ் பேசுவோர் 2010 கணக்கெடுப்பில் 3.3 சதவீதம், 2020இல் 2.5 சதவீதம். இந்தச் சரிவுக்கு வேலை, படிப்பு என்று பல காரணங்கள். குழாயடி இல்லாமல் போனதும் அவற்றில் ஒன்று என்று நான் உறுதியாக நம்புகிறேன். தமிழ் அதிகாரத்துவ மொழியாக இருக்கிறது, எம்ஆர்டி நிலையப் பலகையில் இருக்கிறது, நாடாளுமன்றத்தில் பேசலாம். பக்கத்து வீட்டில்தான் இல்லை.

பாட்டி இறந்தபோது உடலை புளோக்கின் கீழ்த்தளத்தில் வைத்தோம். மலாய்க் கல்யாணமும் சீனர் துக்கமும் நம்முடைய காரியங்களும் முறை வைத்து நடக்கும் அதே இடம். தமிழ் முரசு நாளிதழில் அறிவிப்புக் கொடுத்திருந்தோம். காலை பத்து மணிக்கு மேல் ஆட்கள் வரத் தொடங்கினார்கள். உட்லண்ட்ஸிலிருந்து, ஜூரோங்கிலிருந்து, அங் மோ கியோவிலிருந்து. மலையாளத்துச் சேச்சி வந்தார். கோழி வளர்த்த சீனக் குடும்பத்தின் மகன் வந்தார், தலை நரைத்திருந்தது. பத்து ஆண்டுகளுக்குப் பிறகு எங்கள் கம்பம் முழுவதும் ஒரே இடத்தில் நின்றது. பெண்கள் யார் எதற்கு உட்கார வேண்டும், யார் எண்ணெய் வைக்க வேண்டும் என்பதை ஒருவரும் சொல்லாமலே செய்தார்கள். மதியம் மண்டாய் எரியூட்டு நிலையத்துக்குப் பேருந்தில் போனோம். மாலையில் எல்லாரும் அவரவர் பேட்டைக்குப் போய்விட்டார்கள்.

பிற்பாடு அரசும் இதைக் கவனித்திருக்கிறது. 1995இல் பழைய புளோக்குகளை இடித்துக் குடியிருப்பாளர்களை மாற்றும் ஒட்டுமொத்த மறுமேம்பாட்டுத் திட்டம் தொடங்கியபோது, மாற்று வீடுகளைப் பக்கத்திலேயே கட்டினார்கள். அண்டை வீட்டார் சில குடும்பங்களாகச் சேர்ந்து விண்ணப்பித்து, பக்கத்துப் பக்கத்து வீடுகளைத் தேர்ந்தெடுக்கவும் வழி வைத்தார்கள். எவ்வளவு எளிய ஏற்பாடு! ஒரு படிவத்தில் இன்னும் ஒரு வரி. எங்கள் காலத்தில் அந்த ஒரு வரி இருந்திருந்தால், பாட்டியின் கடைசிப் பத்தாண்டுகள் வேறு மாதிரி போயிருக்கும்.

பெருந்தீவில் எஞ்சியிருக்கும் கடைசிக் கம்பம் லோரோங் புவாங்கோக். முப்பதுக்கும் குறைவான வீடுகள்தான். வார இறுதிகளில் பள்ளிப் பிள்ளைகளைக் கூட்டிவந்து காட்டுகிறார்கள். அந்த இடத்துக்கும் எதிர்காலத் திட்டங்கள் இருக்கின்றன, இப்போதைக்கு அவசரம் இல்லை என்று அரசு சொல்லியிருக்கிறது. நான் ஒரே ஒருமுறை போனேன். தகரக் கூரையில் மழை விழும் சத்தம் கேட்டுவிட்டுத் திரும்பிவிட்டேன்.

தம்பிக்கு இரண்டாவதாகச் சொன்னது இதுதான். திட்டம் வரக்கூடாது என்று போராடுவது உங்கள் உரிமை, அதில் நான் கருத்துச் சொல்ல முடியாது. ஆனால் போராடும்போதே ஊரை ஒரு படமாக வரைந்து வையுங்கள். சர்வே எண் உள்ள படம் அரசிடமே இருக்கும். எந்த வீட்டுக்குப் பக்கத்தில் எந்த வீடு, எந்த வீட்டுப் பாட்டி எந்தத் திண்ணையில் உட்காருவார், எந்தக் கிணற்றடியில் யார் யார் கூடுவார்கள் என்று ஒரு படம். நாளைக்கு யாராவது பேச்சுவார்த்தைக்கு வந்தால் அதையும் மேசையில் வைத்துப் பேசுங்கள்.

போன வாரம் அவன் ஒரு தாளைப் படமெடுத்து அனுப்பியிருந்தான். பள்ளிக்கூட நோட்டுத் தாளில் பென்சிலால் வரைந்தது, வீடுகளெல்லாம் பெயரோடு சரியாக இருந்தன. ஏரிக்கரை ஓரத்தில் ஐயனார் எங்கே என்று கேட்டுத் திருப்பி அனுப்பினேன். அவன் அம்மாவைக் கேட்டு எழுதுகிறேன் என்றான்.